கைது இல்லை, சும்மா உட்காரு

செல்போன் ரிப்பேர் செய்கிறவனுக்குக் கை நடுங்கக் கூடாது என்பார்கள். கடை வாசலில் போலீஸ் வண்டி நிற்காத நாட்களில் எனக்கும் நடுங்குவதில்லை.

பெங்களூர் ஈஜிபுராவில், எதிரே ஒரு ஆட்டோ வந்தால் சுவரோடு ஒட்டி நிற்க வேண்டிய சந்து ஒன்றில் இருக்கிறது கடை. நான் உள்ளே உட்கார்ந்து டிஸ்ப்ளே, போர்டு வேலை பார்ப்பேன். முன்பக்கம் ரீசார்ஜ், டெம்பர் கிளாஸ் எல்லாம் நயாஸ். கடையில் பாதி அவனுடையது. ஏரியாவில் எல்லோருடைய போனும் என்றைக்காவது எங்கள் மேஜைக்கு வந்துதான் தீரும். அதனாலேயே போலீஸும் வரும். காரணம் தெரியாமல் ஒரு ஸ்டேஷன் பெஞ்சில் உட்கார்ந்து எழுந்து வந்தவர்கள் உங்களிலும் இருப்பார்கள். அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். மற்றவர்களும் படித்து வைத்துக்கொள்ளுங்கள், எப்போது உதவும் என்று சொல்ல முடியாது.

அஞ்சு நிமிஷ வேலை

ரிப்பேர் முடிந்த போனில் நெட்வொர்க் வருகிறதா என்று பார்க்க, அப்போதெல்லாம் என் சொந்த சிம்மைத்தான் போடுவேன். இந்தத் தொழிலில் பலரும் செய்வதுதான். ஹாஸ்டலில் தங்கியிருந்த ஒரு பெண் ரிப்பேருக்குக் கொடுத்த போன், யாரிடமிருந்தோ திருடப்பட்டு, பிளாட்பாரத்தில் விற்கப்பட்டு அவள் கைக்கு வந்தது. அது அவளுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. நான் சிம்மைப் போட்டதும் அந்தப் போன், திருட்டு போன்களைத் தேட போலீஸ் எங்கோ வைத்திருக்கும் கம்ப்யூட்டருக்கு, இன்னார் நம்பரில் உயிரோடு இருக்கிறேன் என்று சொல்லிவிட்டது.

யூனிஃபார்ம் போடாத இரண்டு பேர் வந்தார்கள். "சங்கர் யாரு? சார் கூப்பிடறாரு. அஞ்சு நிமிஷ வேலை" என்றார்கள். என் பைக்கை நானே ஓட்டிக்கொண்டு போனேன், பின்னால் ஒருவர் உட்கார்ந்துகொண்டார். ஸ்டேஷனில் என் போனை வாங்கி அணைத்து டிராயரில் போட்டார்கள். ரைட்டர் மேஜைக்கு எதிரே இருந்த பெஞ்சில் உட்காரச் சொன்னார்கள். அத்தோடு என்னை மறந்துவிட்டார்கள். யாரும் ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை. கேட்டிருந்தால் பதிலாவது சொல்லியிருப்பேன். உள் அறையில் யாரையோ விசாரித்துக்கொண்டிருந்தார்கள். அந்த யாரோ பேசுகிற குரல் திடீர் திடீரென்று மனுஷக் குரலாக இல்லாமல் போனது. காதைப் பொத்தினால் யாராவது பார்ப்பார்களோ என்று பொத்தாமலே உட்கார்ந்திருந்தேன். மத்தியானம் ஒரு கான்ஸ்டபிள் இரக்கப்பட்டு, வீட்டுக்குச் சொல்லிக்கோ என்று தன் போனை நீட்டினார். என் மனைவி கலாவின் நம்பர் ஞாபகத்துக்கு வரவில்லை. ஊர் போனையெல்லாம் சரிசெய்கிறவனுக்குப் பெண்டாட்டி நம்பர் தெரியவில்லை. போனை அப்படியே திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

வெயில் இறங்கியதும் துணிந்து எழுந்து ரைட்டரிடம் போனேன். "சார், என்னை அரெஸ்ட் பண்ணியிருக்கீங்களா?" என்று கேட்டேன். பண்ணியிருந்தால் கோர்ட்டுக்குக் கொண்டுபோக வேண்டும், வக்கீல் வைக்கலாம். பண்ணவில்லை என்றால் வீட்டுக்குப் போகலாம். இரண்டில் ஒன்று தெரிந்தால் போதும் என்றிருந்தது. அவர் எழுதுவதை நிறுத்தாமல், கைதெல்லாம் ஒன்றுமில்லை, பேசாமல் உட்காரு என்றார். அதட்டக்கூட இல்லை. அவர் சொன்ன கன்னடம் இன்னும் காதிலேயே இருக்கிறது: "அரெஸ்ட் ஏனு மாடில்லப்பா. சும்னே கூத்கோ."

டெஸ்ட் சிம்

எப்படிக் கூட்டிப்போனார்களோ அப்படியே அன்று ராத்திரி விட்டுவிட்டார்கள். "கெளம்பு. கூப்பிட்டா வரணும்" என்றார்கள், அவ்வளவுதான். அந்தப் பெண் போனை விற்ற பிளாட்பாரக்காரனை அடையாளம் காட்டிவிட்டாள் என்பது பிற்பாடு தெரிந்தது. நான் பெஞ்சில் இருந்ததற்கு எங்கேயும் எழுத்து கிடையாது. பெஞ்சு மட்டும்தான் சாட்சி.

மறுநாள் கடையில் எனக்கும் நயாஸுக்கும் ஒரே யோசனை. இனி சோதனைக்கு என்று தனியாக ஒரு சிம் வேண்டும். சரி, யார் பேரில் வாங்குவது? நான் அவன் முகத்தைப் பார்த்தேன், அவன் என் முகத்தைப் பார்த்தான். நீ பயப்படாதே, அங்கே அடிக்கவெல்லாம் இல்லை, பெஞ்சில்தான் உட்கார வைத்தார்கள் என்று தைரியம் சொன்னேன். அவன் கவுண்டரைத் துடைத்துக்கொண்டே சொன்னான்: "உங்க பேரைக் கேட்டாங்க, பெஞ்சு குடுத்தாங்க. என் பேரைக் கேட்டா பெஞ்சு குடுப்பாங்களாண்ணா?"

ஸ்டஃப்

மெயின் ரோட்டில் வண்டிகளை நிறுத்தி, போனைத் திறக்கச் சொல்லி, வாட்ஸ்அப்பில் வார்த்தைகளைத் தட்டித் தேடிப் பார்க்கிற காலம் ஒன்று வந்தது. போதை மருந்து தேடுகிறார்களாம், அதற்கு 'ஸ்டஃப்' என்றும் ஒரு பேராம். கடையில் கூட்டம் அலைமோதியது. எல்லோருக்கும் ஒரே வேலை, எல்லாவற்றையும் அழித்துக் கொடுங்கள். எதை என்று கேட்டால் யாருக்கும் தெரியாது. தப்பாக ஒன்றும் இல்லை, இருந்தாலும் அழித்துவிடுங்கள் என்பார்கள். பிள்ளையின் முதல் பிறந்தநாள் படத்தை அழித்துவிட்டு மறுநாள் வந்து அழுத அம்மாவும் உண்டு.

அதில் ஏழுமலை மாஸ்டரை மறக்க முடியாது. வடநாட்டு ஓட்டல் ஒன்றில் குல்ச்சா ரொட்டி போடுகிறவர், ஆரணிக்காரர். அவர் போனில் 'ஸ்டஃப்' என்று தேடியதும் வரிசையாக வந்து விழுந்திருக்கிறது: ஸ்டஃப் ரெடி, ஸ்டஃப் தீர்ந்துபோச்சு, நாளைக்கு ஸ்டஃப் எவ்வளவு வேணும். எல்லாம் ஓட்டல் முதலாளிக்கு அனுப்பியது. குல்ச்சாவுக்குள் வைக்கிற உருளைக்கிழங்கு மசாலா என்று சொல்லியும் யாரும் நம்பவில்லை. ரோட்டோரம் தரையில் உட்கார வைத்து, சட்டைப் பை, டிபன் டப்பா, செருப்பின் அடி எல்லாம் பார்த்திருக்கிறார்கள். முதலாளி வந்து கூட்டிப்போகும்வரை, தெரிந்தவர் யாரும் அந்த வழியாக வந்துவிடக் கூடாதே என்று முகத்தை முழங்காலுக்குள் புதைத்துக்கொண்டிருந்தாராம். போனை மேஜையில் வைத்துவிட்டு என்னிடம் ரொம்ப சீரியஸாகக் கேட்டார்: "உள்ள வைக்கிற மசாலாவுக்குப் பயமில்லாத பேரா ஒண்ணு சொல்லுங்க தம்பி."

தெரிந்தும்

அதே வாரம் ஐ.டி. கம்பெனிக்காரர் ஒருவர் ஸ்பீக்கர் மாற்ற வந்தார். கடையில் இருந்தவர்களுக்கெல்லாம் சட்டம் சொன்னார். போலீஸ் ரோட்டில் நிறுத்தி போனைக் காட்டச் சொன்னால் காட்ட வேண்டியதில்லை, அந்தரங்கம் நம் அடிப்படை உரிமை என்றார். கேட்கவே தெம்பாக இருந்தது. உங்களை நிறுத்தினார்களா சார் என்றேன். நேற்று நிறுத்தினார்கள் என்றார். என்ன செய்தீர்கள் என்றேன். கழற்றி வைத்த பழைய ஸ்பீக்கரைப் புரட்டிக்கொண்டே சொன்னார்: "சட்டம் எல்லாம் தெரியும். அவர் கேட்ட விதத்துல, பாஸ்வேர்டை நானே போட்டுக் குடுத்துட்டேன்."

ஏட்டு நாராயணப்பா

ஹொய்சளா என்று ராஜவம்சத்துப் பேர் வைத்த ரோந்து வண்டி ஒன்று ஒருநாள் கடைக்கு நேராக வந்து நின்றது. நயாஸ் கையிலிருந்த டெம்பர் கிளாஸ் ஒன்று கீழே விழுந்து உடைந்தது. ஏட்டு நாராயணப்பா இறங்கி வந்தார். கே.ஜி.எஃப். பக்கத்துக்காரர், நம்மைப் போலவே தமிழ் பேசுவார். அவர் பையிலிருந்து எடுத்தது, நடுவில் விரிசல் விட்ட அவருடைய சொந்த போன்.

டிஸ்ப்ளே மாற்றிக் கொடுத்தேன். டச் எல்லா இடத்திலும் வேலை செய்கிறதா என்று பார்க்க வேண்டும், பாஸ்வேர்டு சொல்லுங்கள் சார் என்றேன். அவர் போனை என் கையிலிருந்து மெதுவாக வாங்கி, எனக்கு முதுகைக் காட்டித் திரும்பி நின்று, தானே தட்டிப் பார்த்துக்கொண்டார். திரும்பியவர் கோபமில்லாமல்தான் சொன்னார்: "பாஸ்வேர்டெல்லாம் கேக்கக் கூடாதுப்பா. அது அவங்கவங்க பர்சனல்."

தண்ணீர் கேன்

முருகேசன் எங்கள் சந்துக்கும் மெயின் ரோட்டு அபார்ட்மென்டுக்கும் தண்ணீர் கேன் போடுகிறவன். திருவண்ணாமலைப் பக்கத்திலிருந்து கல்யாணமான கையோடு வந்தவன். ஒரு திங்கட்கிழமை காலை நான் ஷட்டரைத் தூக்கிக்கொண்டிருந்தேன். அவன் மொபெட்டை நிறுத்தி, "அண்ணா, போன் சார்ஜ் ஏறல, சாயங்காலம் குடுத்துட்டுப் போறேன்" என்றான். அவன் வாய் மூடுவதற்குள் ஒரு வெள்ளை கார் வந்து நின்றது. இறங்கிய மூன்று பேரில் இருவர் அவன் தோளைப் பிடித்தார்கள். மூன்றாவது ஆள், என்னைக் கூட்டிப்போனபோது என் பைக்கின் பின்னால் உட்கார்ந்தவர். அதனால் போலீஸ் என்று தெரிந்தது. முருகேசன் என்னைத்தான் பார்த்தான். கூப்பிடவில்லை, வெறுமனே பார்த்தான். கார் போய்விட்டது. கேன்களைச் சுமந்தபடி மொபெட் மட்டும் நின்றது.

அபார்ட்மென்டில் ஒரு வீட்டில் நகை காணாமல் போயிருந்தது. அந்த வீட்டுக்குத் தண்ணீர் போட்டது இவன். அவன் மனைவி தனம் அன்று மத்தியானம் ஸ்டேஷனுக்குப் போனாள், செவ்வாய்க்கிழமை இரண்டு முறை போனாள். திரும்பி வந்து எங்கள் கடைப் படியில் உட்கார்ந்தாள். அழவில்லை. வாய் உலர்ந்து போயிருந்தது. நயாஸ் தண்ணீர் கொடுத்ததும் குடித்துவிட்டுச் சொன்னாள்: "அந்தப் பேர்ல இங்க யாரும் இல்லன்றாங்கண்ணா. அவரு செருப்பு ஸ்டேஷன் வாசல்ல கெடக்குது."

கேமரா

தனத்துக்கு இலவச சட்ட உதவியில் ஒரு வக்கீலம்மா கிடைத்தார். புதன்கிழமை அவர் ஸ்டேஷனுக்குப் போய், முருகேசன் எங்கே என்று கேட்டு மனு எழுதிக் கொடுத்திருக்கிறார். எங்கள் கடைக்கு முன்னால்தான் பிடித்தார்கள் என்று நான் தனத்திடம் சொன்னதும் அதில் இருந்திருக்கிறது. மனு கொடுத்த கொஞ்ச நேரத்தில் ஏட்டு நாராயணப்பாவும் இன்னொருவரும் கடைக்கு வந்தார்கள். ஷட்டரைப் பாதி இறக்கச் சொன்னார்கள். வெளிச்சம் இடுப்புக்குக் கீழே போய்விட்டது. "கேமரா பதிவு எங்க?" என்றார் ஏட்டு.

வாசலில் ஒரு கேமரா இருப்பது உண்மை. ஆனால் அது வெறும் கூடு. திருடனைப் பயமுறுத்த நயாஸ் மாட்டியது, உள்ளே ஒன்றும் கிடையாது. சொன்னால் நம்பவில்லை. மேஜையை இழுத்தார்கள், டிராயர்களைக் கவிழ்த்தார்கள், பிரித்து வைத்திருந்த போன்களின் ஸ்குரூவெல்லாம் தரையில் உருண்டன. கடைசியில் ஏட்டு ஸ்டூல் மேல் ஏறிக் கேமராவைக் கழற்றி, ஆட்டிப் பார்த்தார். காலி டப்பா சத்தம் கேட்டது. அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. நயாஸும் சிரிக்க முயன்றான். ஏட்டு கீழே இறங்கி, அந்தக் கூட்டை என் கையில் வைத்து, என் கண்ணைப் பார்த்துக் கேட்டார்: "சரி, கேமரா பாக்கல. நீ பாத்தியா?"

கையில் எழுதிய நம்பர்

நான் குனிந்து தரையில் உருண்ட ஸ்குரூக்களைப் பொறுக்க ஆரம்பித்தேன். அதை இல்லை என்று எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். அன்று சாயங்காலம் வக்கீலம்மா வந்தார். நாளை முருகேசனைக் கோர்ட்டில் நிறுத்துகிறார்கள், இன்றைக்கு பஸ் ஸ்டாப்பில் பிடித்ததாகச் சொல்லப்போகிறார்கள் என்றார். கைது செய்தால் ஒரு நாளுக்குள் மாஜிஸ்திரேட் முன்னால் கொண்டுவர வேண்டும் என்பது சட்டம். இன்றைக்குப் பிடித்தோம் என்றால் கணக்கு சரியாகிவிடும். திங்களிலிருந்து புதன்வரை அவன் எங்கேயும் இல்லாதவன் ஆகிவிடுவான். நீங்கள் பார்த்ததை எழுதிக் கையெழுத்துப் போட்டு, நேரிலும் வர முடியுமா என்று கேட்டார். கட்டாயப்படுத்தவில்லை. அதுவே கஷ்டமாக இருந்தது.

வீட்டில் சாப்பாடு இறங்கவில்லை. பார்த்தேன் என்று சொன்னால் அடுத்து என்னைப் பார்ப்பார்கள். கலாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். வேண்டாம் என்று அவள் சொல்லிவிட்டால் நிம்மதியாகப் படுத்துவிடலாம் என்று உள்ளுக்குள் ஒரு ஆசை. அவள் போ என்றும் சொல்லவில்லை, போகாதே என்றும் சொல்லவில்லை. காலையில் நான் சட்டை மாட்டும்போது பேனாவோடு வந்து, முழங்கைக்குக் கீழே உள்பக்கத்தில் அழுத்தி அழுத்தி எழுதினாள். வலித்தது. "என் நம்பர். போனைப் புடுங்கிட்டாலும் கையைப் புடுங்க மாட்டாங்கல்ல."

கோர்ட்டில்

முருகேசனைக் கொண்டுவந்தார்கள். அவன் நடந்ததைப் பார்த்ததும் தனம் புடவைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டாள். உள்ளங்காலைத் தரையில் முழுசாக வைக்க முடியாமல், விளிம்பில் நடந்து வந்தான். அடித்தார்களா என்று மாஜிஸ்திரேட் கன்னடத்தில் கேட்டார். அவனுக்குப் பின்னால் ஒட்டினாற்போல் நின்றிருந்தவர், அன்று தோளைப் பிடித்தவர்களில் ஒருவர். இல்லை சார் என்றான் முருகேசன்.

வக்கீலம்மா எழுந்து என் பேரைச் சொன்னார். நான் முன்னால் போனேன். ஏட்டு நாராயணப்பா சுவரோரம் நின்றிருந்தார். அவரைப் பார்க்காமலிருக்க மாஜிஸ்திரேட்டின் மேஜை விளிம்பையே பார்த்தேன். எனக்குத் தெரிந்த ரிப்பேர் கடைக் கன்னடத்தில், திங்கட்கிழமை, ஷட்டர், வெள்ளை கார், மூன்று பேர், மொபெட் என்று சொல்லி முடித்தேன். மாஜிஸ்திரேட் எழுதிக்கொண்டார். முருகேசனை டாக்டரிடம் காட்டச் சொன்னார், மறுபடி போலீஸ் காவலுக்குக் கொடுக்க மறுத்தார், திங்கள் பற்றி எழுத்தில் விளக்கம் கேட்டார். பிறகுதான் என்னைக் கவனித்தார். நான் இரண்டு கையையும் நெஞ்சில் கட்டி, தலையைக் குனிந்து, முருகேசனைவிட மோசமாக நின்றுகொண்டிருந்தேன். கையை இறக்குங்கள், குற்றம் சாட்டப்பட்டவர் நீங்கள் இல்லை என்று அவர் சொன்னது அந்த அறையிலேயே எனக்கு மட்டும் புதிய செய்தி: "கை இளிசி. ஆரோபி நீவல்லா."

நயாஸ்

அதற்குப் பிறகு ஒன்றும் நடக்கவில்லை. நடக்காததுதான் தாங்க முடியவில்லை. வண்டி சந்து முனையில் மெதுவாகும், நிற்காது. சரிபார்ப்பு என்று இரண்டு முறை ஆதார் அட்டையை வாங்கிப் பார்த்துவிட்டுக் கொடுத்தார்கள். பாத்ரூமுக்குப் போனால்கூட கலாவிடம் சொல்லிவிட்டுப் போகிற பழக்கம் வந்துவிட்டது.

முருகேசன் விசாரணைக் கைதியாக ஜெயிலுக்குப் போனான். தீபாவளி அங்கேயே கழிந்தது. தனம் மொபெட் ஓட்டக் கற்றுக்கொண்டு, இடுப்பு ஒடிய கேன் தூக்கி, வாடிக்கையை விடாமல் காப்பாற்றினாள். நயாஸ்தான் போய்விட்டான். ஜீவனஹள்ளியில் அவன் மச்சான் கடையில் ஒரு கவுண்டர் காலியாம். ஒரு வெள்ளிக்கிழமை தன் சாமான்களை அட்டைப்பெட்டியில் அடுக்கினான். நான் தப்பு செய்துவிட்டேன் என்று நினைக்கிறாயா என்று கேட்டேன். பெட்டிக்கு டேப் ஒட்டி முடித்துவிட்டுத்தான் பதில் சொன்னான்: "நீங்க பண்ணது சரிதாண்ணா. அதனாலதான் பயமா இருக்கு."

படம்

தீபாவளி தாண்டி முருகேசனுக்கு ஜாமீன் கிடைத்தது. நகை இன்றுவரை கிடைக்கவில்லை. திங்கட்கிழமை பற்றிக் கேட்ட விளக்கத்துக்கு, பெயர்க் குழப்பம் என்று பதில் வந்ததாக வக்கீலம்மா சொன்னார். கேஸ் நடக்கிறது. வாய்தாவுக்கு வாய்தா போய்விட்டு வருகிறான். அபார்ட்மென்டுக்குள் அவனை விடுவதில்லை, அதனால் ஊர்க் கடைசியில் இருக்கும் ஹெப்பகோடியில் ஒரு கம்பெனியில் பேக்கிங் வேலைக்குச் சேர்ந்தான்.

போன மாதம் கடைக்கு வந்தான். ஆள் பாதியாகியிருந்தான். போனை நீட்டினான். அதில் அவனுடைய படம். ஸ்டேஷன் சுவர் முன்னால் நிற்க வைத்து எடுத்தது, மேலே ஆங்கிலத்தில் திருடன், ஜாக்கிரதை என்று போட்டிருந்தது. அபார்ட்மென்ட் குரூப்பில் தொடங்கி, ஊரெல்லாம் சுற்றி, ஹெப்பகோடியில் அவனோடு வேலை செய்கிற ஒருவன் போனுக்கே வந்து சேர்ந்துவிட்டது. இது நீதானே என்று கேட்டானாம். மறுநாளிலிருந்து சாப்பாட்டு நேரத்தில் யாரும் பக்கத்தில் உட்காருவதில்லையாம். கொடு, அழித்துவிடுகிறேன் என்று கையை நீட்டினேன். அவன் போனை இழுத்துக்கொண்டான்: "என் போன்ல இருந்து எதுக்குண்ணா, பொய்யின்னு எனக்குத்தான் தெரியுமே. மத்தவங்க போன்ல இருந்து எடுக்க முடியுமா?"

தண்ணீரில் விழுந்த போனைக்கூடக் காயவைத்து உயிர்ப்பித்துவிடுகிறேன். ஸ்டேஷனுக்குள் போய்வந்த பேரைச் சரிசெய்து தருகிற கடை இந்த பெங்களூரில் எங்கேயாவது இருந்தால் சொல்லுங்கள், முதல் கஸ்டமராக முருகேசனை அனுப்பிவிட்டு அவனுக்குப் பின்னால் நானும் வரிசையில் நிற்கிறேன்.